பெயர் கூப்பிடும் ஞாயிறு

ஹாய்ட் லாசிட்டர் நல்ல மனிதர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இனிமேல் நான் சொல்லப்போவதைக் கேட்டு யாரும் அவரைத் தப்பாக நினைத்துவிடக் கூடாது. என் கூரைத் தகரம் காற்றில் பிய்த்துக்கொண்டு போனபோது, கூப்பிடாமலே ஏணியோடு வந்து நின்றவர். கோடை முழுக்க என் வாசலில் தக்காளிப் பையை வைத்துவிட்டு மணி அடிக்காமல் போய்விடுகிறவர். வெள்ளைக்காரர், எழுபதைத் தாண்டியவர், வேர்க்கடலை விவசாயம் பண்ணிக் கை காய்த்துப்போனவர். தொப்பி போட்டால் அது தலையில் நிற்பதைவிடக் காதில் உட்கார்ந்திருப்பதுதான் அதிகம். அப்படி விரிந்த காது.

அவரிடம் இருந்த கோளாறு ஒன்றே ஒன்றுதான். எதைப் பேச ஆரம்பித்தாலும், "எனக்கு மனுஷங்க நிறமே தெரியாது, மிஸ் எர்லீன்" என்பதில் வந்து முடிப்பார்.

"அப்போ கண் டாக்டரைப் பாருங்க, மிஸ்டர் ஹாய்ட்" என்பேன். "நான் தினமும் கண்ணாடி பார்க்கிறேன். கறுப்பாத்தான் இருக்கேன். எனக்குத் தெரியுறது உங்களுக்கு மட்டும் எப்படித் தெரியாம போச்சு?"

அவர் சிரிப்பார். நானும் சிரிப்பேன். ஆனால் வீட்டுக்குப் போய்ப் பாத்திரம் கழுவும்போது அந்தப் பேச்சு எனக்கு உறுத்தும். பள்ளிக்கூட பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவள் நான். பின்னால் யார் என்ன பண்ணுகிறார்கள் என்று கண்ணாடியில் பார்த்துப் பார்த்தே காலம் போனது. பார்க்காமல் இருப்பது எப்படி ஒரு நல்ல குணமாகும் என்று எனக்குப் பிடிபடவே இல்லை.

நாங்கள் இருவரும் ஒரே சபையில் வந்து சேர்ந்ததே ஒரு புயலால்தான். ஜார்ஜியாவின் தெற்குப் பக்கம், வேர்க்கடலையும் பருத்தியும் விளைகிற எங்கள் சின்ன ஊரில், கறுப்பர்களின் பாப்டிஸ்ட் சபைக்குப் பெத்தேல் என்று பெயர். வெள்ளையர்களின் சபை மேட்டுத் தெருவில் இருந்தது. சுழற்காற்று வந்து எங்கள் பெத்தேலின் கூரையைத் தூக்கிப் பக்கத்து வயலில் போட்டுவிட்டது. அவர்களுக்குக் கூரை இருந்தது, ஆனால் உட்கார ஆள் இல்லை. இளசுகளெல்லாம் அட்லாண்டாவுக்குப் போய்விட்டார்கள். எங்களுக்கு ஆள் இருந்தார்கள், கூரை இல்லை. முதலில் விருந்தாளிகளாகப் போனோம். பிறகு ஒரே சபையாகச் சேர்ந்துவிட்டோம். எங்கள் பாஸ்டர் டேவியன், முப்பது வயதுக் கறுப்புப் பையன், எல்லோருக்கும் பாஸ்டர் ஆனார். நிர்வாகக் குழுவுக்கு மிஸ்டர் ஹாய்ட் தலைவர், நானும் அதில் ஒருத்தி.

சேர்ந்ததில் எனக்குச் சந்தோஷம்தான். அங்கே ஏசி நன்றாக வேலை செய்தது. பாட்டு கொஞ்சம் சவசவ என்று இருக்கும், நாங்கள் உள்ளே போனதும் அதுவும் சரியாகிவிட்டது. எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது, ஊர்கூடும் ஞாயிறு வரும்வரை.

ஊர்கூடும் ஞாயிறு என்றால் வெளியூர் போனவர்களெல்லாம் திரும்பி வருகிற நாள். ஆராதனை முடிந்ததும் பெரிய விருந்து. அதற்கு முன்னால் பெத்தேலுக்கென்று ஒரு வழக்கம் உண்டு. அடிமைத்தனம் முடிந்த கையோடு, மரக்கிளையை வெட்டிப் பந்தல் போட்டு, அதன் கீழே பெத்தேலை ஆரம்பித்தவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாகக் கூப்பிடுவோம். அந்தப் பெயரை இன்றைக்கும் தாங்குகிறவர்கள் எழுந்து நின்று, "இங்கே" என்று பதில் சொல்ல வேண்டும். கூப்பிடுகிறவள் நான். என் அத்தைக்குப் பிறகு அந்த வேலை எனக்கு வந்தது. எதையும் பார்த்து வாசிப்பதில்லை, எல்லாம் நெஞ்சில் இருக்கிறது.

ஒரு பெயரை மூன்று தடவை கூப்பிடலாம். மூன்றாவது தடவையும் யாரும் எழுந்திருக்கவில்லை என்றால், அடுத்த வருஷத்திலிருந்து அந்தப் பெயர் கிடையாது. கூப்பிடுகிறவளே பதில் சொல்லவும் கூடாது. ஹானா டப்ஸ் என்கிற பெயர் அப்படித்தான் போயிற்று. நான் அப்போது சின்னப் பெண். அத்தை மூன்று தடவை கூப்பிட்டாள். கை விசிறிகளின் சத்தம் மட்டும்தான் கேட்டது. அத்தை உதட்டை மடித்துக்கொண்டு அடுத்த பெயருக்குப் போனாள். அந்த ஹானா யார், எப்படி இருப்பாள் என்று எனக்குத் தெரியாது. ஆனால் அவள் இருந்த இடம் வரும்போது இன்றைக்கும் அவள் பெயரை எனக்குள் ஒரு தடவை சொல்லிக்கொள்வேன்.

பட்டியலில் கடைசிப் பெயர் ஐசம் லாசிட்டர். என் அப்பாவின் கொள்ளுத்தாத்தா.

ஆமாம், லாசிட்டர்தான். எங்கள் ஊரில் கறுப்பு லாசிட்டர், வெள்ளை லாசிட்டர் என்று இரண்டு உண்டு. ஏன் ஒரே பெயர் என்று யாரும் யாரையும் கேட்டதில்லை, கேட்கத் தேவையும் இல்லை. மிஸ்டர் ஹாய்ட்டின் முன்னோர்கள் நிலத்தில் ஐசம் அடிமையாக இருந்தார். விடுதலை வந்தபோது அவர் கையில் இருந்தது ஒரு பெயர் மட்டும்தான், அதுவும் அவர்களுடையது. நான் கல்யாணம் பண்ணி மிம்ஸ் ஆகிவிட்டேன். மற்றவர்கள் டெட்ராய்ட் பக்கம் போய்விட்டார்கள். ஊரில் மிச்சம் இருக்கும் ஒரே கறுப்பு லாசிட்டர், என் சித்தப்பா மகள் வில்லோடீன். வருஷா வருஷம் டெட்ராய்ட்டிலிருந்து வருகிற எங்கள் அண்ணனுக்கு இந்த முறை முட்டி ஆபரேஷன். ஆக ஐசம் தாத்தாவுக்கு எழுந்து நிற்க வில்லோடீன் ஒருத்திதான்.

குழுக் கூட்டத்தில் மிஸ்டர் ஹாய்ட் முதலில் சாப்பாட்டில் ஆரம்பித்தார்.

"போன தடவை சபை விருந்துல பார்த்தேன். உங்க ஆளுங்க ஒரு மேஜை, எங்க ஆளுங்க ஒரு மேஜை. தட்டை வச்சுக்கிட்டு, இது யார் செஞ்சது, அது யார் செஞ்சதுன்னு கேட்டுக் கேட்டுப் போடுறாங்க. யார் செஞ்சா என்ன? சீட்டுக் குலுக்கிப் போடுவோம். யாருக்கு எந்தப் பண்டம் விழுதோ அதைச் செய்யட்டும். எல்லாம் ஒரே மாதிரி அலுமினியத் தட்டுல வரட்டும், பேர் எழுத வேண்டாம்."

"ரொம்ப நல்லது. அப்புறம்?" என்றேன். அப்புறம் ஒன்று இருக்கிறது என்று அவர் தொண்டையைச் செருமியதிலேயே தெரிந்துவிட்டது.

"அப்புறம் அந்தப் பேர் கூப்பிடுறது. இந்த வருஷம் வேண்டாமேன்னு பார்க்கிறேன், மிஸ் எர்லீன். கறுப்புக் குடும்பமெல்லாம் எழுந்து நிக்கும், நாங்க உக்காந்து பார்ப்போம். நடுவுல கோடு போட்ட மாதிரி ஆயிடும். அந்தக் கோட்டை அழிக்கத்தானே ஒண்ணு சேர்ந்தோம்?"

எனக்குச் சுர்ரென்று ஏறியது. பாஸ்டரைப் பார்த்தேன். அவர் பேனாவைத் திருகிக்கொண்டிருந்தார்.

"என்ன பாஸ்டர், வாயில கொழுக்கட்டையா?"

"சிஸ்டர் எர்லீன், அவர் சொல்றதை என்னால தள்ளவும் முடியல" என்றார் பாஸ்டர். "என் பசங்க ஸ்கூலுக்குப் போனா, கடைக்குப் போனா, எல்லாரும் முதல்ல நிறத்தைத்தான் பார்க்கிறாங்க. பார்க்காத இடம் ஒண்ணாவது அவங்களுக்கு வேணும்னு எனக்கும் ஆசை."

அந்த ஆசையை நான் எப்படிக் குறை சொல்ல முடியும்? எனக்கும் மூன்று பிள்ளைகளை வளர்த்த அனுபவம் இருக்கிறது. சாயங்காலம் வீடு வந்து சேரும்வரை வாசலையே பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறேன்.

ஆனாலும் விடவில்லை. "மிஸ்டர் ஹாய்ட், பெத்தேல்காரங்க எங்கேயிருந்து வந்தாங்கன்னு சொன்னா உங்களுக்கு ஏன் உறுத்துது? எங்க நிறம் தெரியாதுன்னா எங்க தாத்தன் பட்டதும் தெரியாதுன்னுதானே அர்த்தம்? அழிக்கிறது கோட்டையா, எங்களையா?"

அவர் தொப்பியைக் கழற்றி முழங்காலில் வைத்துக்கொண்டார்.

"எங்கப்பா இந்த ஆலயத்துல வாசல் பார்த்துக்கிட்டவர்" என்றார். "எனக்குப் பன்னிரண்டு வயசு இருக்கும். ஈஸ்டர் அன்னைக்குக் காலேஜ்ல படிக்கிற கறுப்புப் பசங்க கொஞ்சம் பேர் கோட்டு போட்டுக்கிட்டு ஆராதனைக்கு வந்தாங்க. எங்கப்பா கையைக் கட்டிக்கிட்டு வாசல்ல நின்னு ஒவ்வொரு மூஞ்சியா பார்த்தார். அவ்வளவு நல்லாப் பார்த்தார், மிஸ் எர்லீன். ஒருத்தரையும் விடல. அவர் கால் பக்கத்துல நான் நின்னுக்கிட்டிருந்தேன். அன்னைக்கு முடிவு பண்ணினேன். என் கண்ணால யாரையும் அப்படிப் பார்க்க மாட்டேன்னு."

அவருடைய அந்த ஒரே பேச்சுக்குப் பின்னால் இப்படி ஒரு வாசல் இருக்கும் என்று நான் நினைத்ததே இல்லை. பன்னிரண்டு வயதுப் பையன் அப்பாவைப் பார்த்து வெட்கப்பட்டதை அறுபது வருஷம் சுமந்துகொண்டு வந்திருக்கிறார். பாவமாக இருந்தது.

நாற்காலியை அவர் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டேன். "உங்கப்பா பார்த்து வெளியே நிறுத்தினார். நீங்க பார்க்காம உள்ளே விடுறீங்க. பெரிய மனசுதான், இல்லைன்னு சொல்லல. ஆனா பார்த்து உள்ளே விடுறதுன்னு ஒண்ணும் இருக்கில்ல?"

அவர் தொப்பியின் உள்பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் பாஸ்டர்தான் பேரம் பேசி முடித்தார். பெயர் கூப்பிடுவது வழக்கம்போல் நடக்கும், விருந்துக்குச் சீட்டுக் குலுக்கல் நடக்கும். நான் உடனே சரி என்றேன். ஐசம் தாத்தா பெயருக்காக நான் குழந்தைகளுக்கான ஜெல்லியைக்கூடச் செய்வேன் என்று சொன்னேன். சொன்ன வாய் முகூர்த்தம், எனக்கு விழுந்த சீட்டும் அதுதான். காரட்டும் அன்னாசியும் போட்ட பச்சை ஜெல்லி. வெள்ளைக்காரர்கள் அதை சாலட் என்று சொல்லிக்கொண்டு சாப்பிடுகிறார்கள்.

அது பரவாயில்லை. மிஸ்டர் ஹாய்ட் தன் சீட்டைப் பிரித்து, "உருளைக்கிழங்கு சாலட்" என்று வாசித்தபோதுதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

பெத்தேலில் உருளைக்கிழங்கு சாலட் வில்லோடீனுடையது. இதற்கு மேல் எப்படி விளக்குவது என்று எனக்குத் தெரியவில்லை. வேறு யார் செய்து கொண்டுவந்தாலும் அந்தப் பாத்திரம் மூடி திறக்காமல் அப்படியே வீட்டுக்குத் திரும்பிப் போகும்.

மறுநாள் அவள் வீட்டுக்குப் போனேன். சமையலறையில் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தாள். வீட்டுக்குள்ளும் தலையில் துணியைக் காது மறைய இறக்கிக் கட்டியிருந்தாள். பள்ளிக்கூடத்தில் யாரோ அவள் காதைக் கிண்டல் பண்ணினார்கள் என்று அன்றிலிருந்து அப்படித்தான். ஞாயிற்றுக்கிழமை என்றால் குடை அகலத்துக்குத் தொப்பி. எனக்கு என் அம்மா வழிக் காது, அதனால் தப்பித்தேன்.

நான் சொல்லி முடிக்கும்வரை கத்தியை நிறுத்தாமல் கேட்டாள்.

"ஆக, என் சாலட்டை வித்துட்டு வந்திருக்கே."

"விக்கலடி. ஐசம் தாத்தா பேரைக் காப்பாத்திட்டு வந்திருக்கேன்."

"என்னைக் கேட்டியா?"

"உன்னைக் கேட்டா நீ என்ன சொல்லுவேன்னு எனக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சுதான் கேக்கல. சரி, யாருக்கு விழுந்துச்சு?"

"மிஸ்டர் ஹாய்ட்டுக்கு."

கத்தி நின்றது. "கர்த்தாவே" என்றாள் மெதுவாக. "அந்த மனுஷன் கடுகு சாஸாவது போடுவாரா?"

"எனக்கெப்படித் தெரியும்?"

"எர்லீன், எங்கம்மா சாகுற வரைக்கும் என்னைக் கிழங்கு உரிக்க மட்டும்தான் விட்டா. உப்பு போட விடல, கரண்டியைத் தொட விடல. கண்ணை மூடுறதுக்கு முந்தின வாரம்தான் கிட்ட கூப்பிட்டு, எது எவ்வளவுன்னு காதுல சொன்னா. அப்படி வந்தது, குலுக்கல்ல ஒரு வெள்ளைக்காரருக்குப் போகுது. நிறம் தெரியாதவருக்கு ருசி மட்டும் தெரியுமாக்கும்!"

"கோவப்படாதே. ஒரு வருஷம்தான்."

"நான் கோவப்படல. நான் வரல."

"வில்லோடீன்! நீ வரலைன்னா ஐசம் தாத்தாவுக்கு யாருடி எழுந்து நிப்பா?"

"அதுக்கும் ஒரு சீட்டுக் குலுக்கிப் போடச் சொல்லு" என்றாள். பீன்ஸை அள்ளிக்கொண்டு எழுந்துவிட்டாள்.

அவள் பிடிவாதம் எனக்குத் தெரியும். சின்ன வயதில் ஒரு பொம்மைக்காக என்னோடு ஒரு கோடை முழுக்கப் பேசாமல் இருந்தவள். காரில் உட்கார்ந்து ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு அழுதேன். இவளுக்கு நான் துரோகம் பண்ணிவிட்டேனா, அவருக்கு விட்டுக்கொடுத்துவிட்டேனா என்று குழம்பிப் போனேன். ஒன்று மட்டும் நிச்சயம். ஹானா டப்ஸ் போன மாதிரி ஐசம் லாசிட்டரும் போகப்போகிறார், அதுவும் நான் கூப்பிடும்போது.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. டெட்ராய்ட், சிகாகோ, அட்லாண்டா நம்பர் பிளேட்டுகள் வாசலில் நிறைந்துவிட்டன. வரவேற்கிற சகோதரிகள் வெள்ளைக் கையுறையோடு நின்றார்கள். பின்னால் இருந்த கூடத்தில் அலுமினியத் தட்டுகள் ஒன்றுபோல வரிசையாக இருந்தன. என் ஜெல்லி நன்றாகவே உறைந்து வந்திருந்தது. கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது, ஆனால் அதை யாரிடமும் சொல்லவில்லை.

மிஸ்டர் ஹாய்ட் தன் தட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வந்தார்.

"மிஸ் எர்லீன், ஆப்பிள் கொஞ்சம் நறுக்கிப் போட்டிருக்கேன். என் சம்சாரம் இருந்தப்போ அப்படித்தான் செய்வா. தப்பில்லையே?"

அந்த முகத்தைப் பார்த்து நான் என்ன சொல்வது? "நல்லாருக்கும்" என்றேன். ஆலயத்துக்குள் நின்றுகொண்டு பொய் சொன்னேன்.

வில்லோடீன் இடம் காலியாக இருந்தது. அவள் தொப்பி இல்லாத வரிசை மொட்டையாகத் தெரிந்தது. பாட்டு முடிந்தது, பிரசங்கம் முடிந்தது. பாஸ்டர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார். முன்னால் போய் நின்றேன்.

"சைலஸ் மிம்ஸ்."

"இங்கே!" என்று என் பிள்ளைகளும் பேரன் பேத்திகளும் திடுதிடுவென்று எழுந்தார்கள்.

அடுத்த பெயர், அதற்கடுத்த பெயர். ஒவ்வொன்றுக்கும் ஒரு கூட்டம் எழுந்தது. வெள்ளைச் சகோதரிகள் சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். கோடு போட்ட மாதிரி எல்லாம் இல்லை. ஒரு வீட்டின் கதையைப் பக்கத்து வீட்டுக்காரர் உட்கார்ந்து கேட்பதுபோலத்தான் இருந்தது.

பிறகு கடைசிப் பெயர்.

"ஐசம் லாசிட்டர்."

மிஸ்டர் ஹாய்ட் பாதி எழுந்துவிட்டார். பழக்கதோஷம், லாசிட்டர் என்று யார் கூப்பிட்டாலும் அந்த மனிதருக்கு உடம்பு தானாக எழுந்திருக்கும். சபையில் சிரிப்பு கிளம்பியது. அவர் கழுத்தெல்லாம் சிவந்து, கையை ஆட்டிவிட்டு உட்கார்ந்தார். அவரும் சிரித்தார்.

"ஐசம் லாசிட்டர்" என்றேன் இரண்டாவது தடவை.

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. அதே சத்தம். நான் வாசலைப் பார்த்தேன். மூடித்தான் இருந்தது. எவ்வளவு நேரம் தள்ளிப்போட முடியுமோ அவ்வளவு நேரம் தள்ளிப்போட்டேன். பாஸ்டர் தலையைக் குனிந்துகொண்டார்.

"ஐசம் லாசிட்டர்."

பெஞ்சு கிறீச்சிட்டது. மிஸ்டர் ஹாய்ட் எழுந்து நின்றார். இந்த முறை முழுசாக, முன் பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு.

"இங்கே" என்றார்.

எனக்கு முதலில் வந்தது கோபம்தான், மறைப்பானேன். எங்களிடமிருந்து எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டது போதாதென்று, எங்கள் தாத்தாவுக்குப் பதில் சொல்கிற வாயையும் எடுத்துக்கொள்வீர்களா என்று தோன்றியது. என் கொழுந்தன் வாய்விட்டே, "ஐயா, அது உங்க பேர் இல்ல" என்றார்.

"என் பேர்தான், பிரதர். அதுதான் விஷயமே" என்றார் மிஸ்டர் ஹாய்ட். "இந்தப் பேரை அவருக்கு யாரும் ஆசையா வைக்கல. எங்க வீட்டு மாட்டு மேல சூடு போட்ட மாதிரி அவர் மேலயும் போட்டாங்க. எனக்கு அது சின்ன வயசிலேயே தெரியும். நிறம் தெரியாதுன்னு சொல்லிக்கிட்டு இதையும் தெரியாத மாதிரி இருந்துட்டேன். அவர் கறுப்பர், நான் வெள்ளைக்காரன், அதனாலதான் எங்க ரெண்டு பேருக்கும் ஒரே பேர். ஆனா மிஸ் எர்லீன், மூணு தடவை கூப்பிட்டும் ஆள் இல்லைன்னா பேர் போயிடுமாமே. போகக் கூடாது. நான் நிக்கிறது தப்புன்னா சொல்லுங்க, உக்காந்துடறேன். ஆனா பேரை விட்டுடாதீங்க."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அந்தப் பெயரை இன்றைக்கும் தாங்குகிறவர்கள் எழுந்து நிற்க வேண்டும் என்பதுதான் முறை. அதில் எந்த நிறம் என்று அத்தை சொல்லவில்லை. சொல்ல வேண்டி வரும் என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

நான் வாயைத் திறப்பதற்குள் கூடத்துக் கதவு படாரென்று திறந்தது.

"உக்காருங்க மிஸ்டர் ஹாய்ட்! எங்க தாத்தாவுக்கு ஆள் இருக்கு!"

வில்லோடீன். ஏப்ரன் கட்டி, சமைக்கும்போது முடி விழாமல் போடுகிற வலையைத் தலையில் மாட்டி, கையில் கடுகு சாஸ் ஒட்டிய கரண்டியோடு. வராத மகராசி, பின்வாசல் வழியாக எப்போதோ வந்து, தன் சாலட்டையும் அதே மாதிரி அலுமினியத் தட்டில் போட்டு வரிசைக்குள் நுழைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். மிஸ்டர் ஹாய்ட்டின் தட்டு மேஜைக்குக் கீழே போயிருந்தது. அது பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது.

"இங்கே!" என்று கரண்டியைத் தூக்கிக் காட்டிக்கொண்டே நடுவழியில் நடந்து வந்தாள். எனக்கு உயிர் திரும்பி வந்தது.

மிஸ்டர் ஹாய்ட் உட்காரப் போனார். அவள் அவர் பெஞ்சுக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். இருவரும் ஒரே நேரத்தில் என் பக்கம் திரும்பினார்கள்.

அவர் தொப்பி முழங்காலுக்கு அருகே கையில் இருந்தது. அவள் தொப்பி வீட்டில் இருந்தது.

மிஸ்டர் ஹாய்ட் ஒரு வருஷமாக என்னிடம் கேட்டுக்கொண்டிருந்ததை அந்த ஒரு நிமிஷம் செய்தேன். நிறத்தை எடுத்து ஓரமாக வைத்துவிட்டுப் பார்த்தேன். ஒரே காது. மேலே அகன்று, முன்னால் வளைந்து, நுனியில் சின்னதாக மடிந்த அதே காது, நாலு. ஐசமைப் பெற்ற அம்மாவின் பெயர் எங்கள் வீட்டில் சொல்வார்கள். அப்பாவின் பெயரை யாரும் சொன்னதில்லை. இப்போது யாரும் சொல்லவேண்டியும் இல்லை.

நான் மட்டும் பார்க்கவில்லை. முன்வரிசையில் ஒரு வயதான சகோதரி, "ம்ம்ம்ம்" என்று அடித்தொண்டையிலிருந்து ஒரு முனகல் விட்டாள். அது பின்வரிசைவரை போயிற்று. பாஸ்டர் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, பைபிளை எடுத்து எதையோ தேடுகிற மாதிரி புரட்டினார். வில்லோடீன் எல்லோர் கண்ணும் எங்கே போகிறது என்று பார்த்தாள். தலையைத் தொட்டாள், தொப்பி இல்லை. பக்கத்தில் இருந்தவரின் தலையை நிமிர்ந்து பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

"நான் உக்காந்துடறேன், மிஸ் எர்லீன்" என்றார் மிஸ்டர் ஹாய்ட்.

என் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. துக்கமும் இருந்தது, சிரிப்பும் இருந்தது, எது முந்திக்கொண்டது என்று தெரியாது. "ரெண்டு பேரும் நில்லுங்க" என்றேன். "ஐசம் லாசிட்டர் குடும்பம், இங்கே."

விருந்தில் யாரும் யாரையும், இது யார் செய்தது என்று கேட்கவில்லை. கேட்காமலே எல்லோருக்கும் தெரிந்திருந்தது. கடுகு சாஸ் போட்ட சாலட் தட்டு முதல் வரிசையிலேயே வழித்துக் காலியாகிவிட்டது. என் பச்சை ஜெல்லியும் போயிற்று. டெட்ராய்ட்காரர் ஒருவர் மறுபடி கேட்டார், நம்பினால் நம்புங்கள். வில்லோடீனே குனிந்து மிஸ்டர் ஹாய்ட்டின் தட்டை மேஜைக்குக் கீழேயிருந்து எடுத்து மேலே வைத்தாள். அதை யாரும் தொடவில்லை. அவர் அதற்குப் பக்கத்தில், கல்யாணப் பெண்ணுக்குத் துணை நிற்கிறவர் மாதிரி நின்றுகொண்டிருந்தார்.

வில்லோடீன் ஒரு கரண்டி எடுத்துத் தன் தட்டில் போட்டுக்கொண்டாள். வாயில் வைத்தாள். மென்றாள். கண்ணை மூடிக்கொண்டு விழுங்கினாள். இத்தனை வருஷமாக அவரை மிஸ்டர் போடாமல் அவள் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை.

"ஹாய்ட்" என்றாள். "ஆப்பிளா போட்டே?"

"ஆமா, மிஸ் வில்லோடீன்."

"உறவாச்சேன்னு ஒரு வாய் தின்னேன். அடுத்த வருஷம் இந்தக் காரியம் பண்ணாதே. சனிக்கிழமை காலையில என் வீட்டுக்கு வந்துடு. கிழங்கு உரிக்கலாம்."

சொல்லிவிட்டுக் கரண்டியோடு உள்ளே போய்விட்டாள். மிஸ்டர் ஹாய்ட் என் பக்கம் குனிந்தார்.

"உரிக்க மட்டும்தானா, மிஸ் எர்லீன்?"

"வாயை மூடிக்கிட்டுப் போய் உரிங்க" என்றேன். "நான் கூடப்பிறந்தவ மாதிரி வளர்ந்தவ. என்னை அவ அதுக்குக்கூட விட்டதில்ல."